கோத்தன்பர்க்கிலிருந்து அமெரிக்காவின் முதலிடம் வரை: ஏஸ் ஆஃப் பேஸ், ஒரு நிகழ்வு ஆய்வு

1994 முடிந்தபோது அமெரிக்காவின் பில்போர்டு பத்திரிகை அந்த ஆண்டின் பாடல் பட்டியலை வெளியிட்டது. முதலிடம் 'தி சைன்'. ஒன்பதாவது 'ஆல் தட் ஷீ வான்ட்ஸ்'. பத்தாவது 'டோன்ட் டர்ன் அரவுண்ட்'. மூன்றும் ஒரே குழுவின் பாடல்கள். அந்தக் குழு நியூயார்க்கிலோ லண்டனிலோ உருவானதல்ல. ஸ்வீடனின் இரண்டாவது பெரிய நகரமான கோத்தன்பர்க்கில் ஓர் அண்ணன், இரண்டு தங்கைகள், ஒரு நண்பன் சேர்ந்து தொடங்கிய ஏஸ் ஆஃப் பேஸ். அதற்கு மூன்று ஆண்டுகளுக்கு முன்புவரை சொந்த நாட்டு இசை நிறுவனங்களே அவர்களைப் பெரிதாக மதிக்கவில்லை.

இந்தக் கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் ஒரு காரில் தொடங்குவார்கள். தயாரிப்பாளர் ஒருவரின் காரில் இவர்களுடைய கேசட் சிக்கிக்கொண்டது, அவர் வேறு வழியில்லாமல் அதையே திரும்பத் திரும்பக் கேட்டார், அப்படியே உலகப் புகழ் வந்துவிட்டது என்று. கேசட் சிக்கியது உண்மைதான், கதைக்கும் நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் சிக்கிய கேசட்டில் இருந்த பாட்டும் பிறகு உலகம் கேட்ட பாட்டும் ஒன்றல்ல. நடுவில் நடந்த வேலையை விட்டுவிட்டு அதிர்ஷ்டத்தை மட்டும் பேசினால், இந்தக் குழுவிடமிருந்து கற்றுக்கொள்ள எதுவுமே இல்லாமல் போய்விடும். ஒவ்வொரு கட்டத்திலும் பெரிய இடங்கள் இவர்களை மறுத்தன. ஓரத்தில் இருந்த யாரோ ஒருவர் ஏற்றுக்கொண்டார். அப்படி ஏற்றவர் ஒவ்வொருவரும் பாட்டிலோ ஆல்பத்திலோ ஏதோ ஒன்றை மாற்றினார். இவர்களுடைய வளர்ச்சி அந்த மாற்றங்களில் இருக்கிறது என்பதே என் வாதம்.

துறைமுக ஊரும் தேவாலயப் பாடகர் குழுவும்

கோத்தன்பர்க் துறைமுக நகரம், தொழில் நகரம். வோல்வோ கார் அங்கேதான் பிறந்தது. யோனாஸ் பெர்க்ரென், அவருடைய தங்கைகள் லின், யென்னி மூவரும் அந்த ஊரில் வளர்ந்தவர்கள். பெண்கள் இருவரும் தேவாலயப் பாடகர் குழுவில் பாடிப் பழகியவர்கள். பின்னாளில் இவர்கள் பாடல்களில் இரண்டு பெண் குரல்கள் ஒட்டி ஒட்டிப் போவதைக் கேட்டால் இந்தப் பயிற்சி தெரியும். கத்த மாட்டார்கள். மூச்சு வாங்கிக்கொண்டு சாகசம் காட்ட மாட்டார்கள். மெட்டை மெட்டாகவே பாடுவார்கள். அன்றைய நடனப் பாடல்களில் இது அபூர்வம்.

யோனாஸ் 1987-ல் பள்ளிக்கான ஒரு வேலையாக நண்பர்களோடு ஒரு குழுவைத் தொடங்கினார்.  பிறகு பெயர் பலமுறை மாறியது; 'கணினி உதவியோடு டிஸ்கோ' என்று பொருள்படும் பெயரும் அவற்றில் ஒன்று. ஆட்களும் மாறினார்கள். நண்பர் உல்ஃப் எக்பெர்க் வந்து சேர்ந்ததும் இப்போது நாம் அறிந்த நால்வர் அணி அமைந்தது. ஒரு கார் பழுதுபார்க்கும் கடைக்குக் கீழே இருந்த அறைதான் அவர்களுடைய முதல் ஸ்டூடியோ. அந்த இடத்தை அவர்கள் தங்கள் 'பேஸ்' (தளம்) என்றார்கள், அங்கே தாங்கள்தான் 'ஏஸ்' (கில்லாடி) என்றார்கள். குழுவின் பெயருக்கு எக்பெர்க் தந்த விளக்கம் இது.

அன்றைய கோத்தன்பர்க் இளைஞர்களிடம் ராக், மெட்டல் மோகம்தான் அதிகம். சின்தசைஸரும் டிரம் மெஷினும் வைத்துக்கொண்டு மேடையேறியவர்களுக்கு அங்கே பெரிய வரவேற்பு கிடைக்கவில்லை. எனக்குத் தோன்றுவது, இதுவும் ஒரு வகையில் நல்லதாகப் போயிற்று. உள்ளூர்க் கூட்டத்தைத் திருப்திப்படுத்தும் கட்டாயம் இல்லாததால், அடித்தள அறையில் நேரம் எடுத்துப் பாட்டு எழுத முடிந்தது. யூரோடான்ஸ் எனப்படும் ஐரோப்பிய நடன இசையின் மற்ற குழுக்களிலிருந்து இவர்களைப் பிரிக்கும் முதல் கோடும் இதுவே. அந்தக் காலத்தில் ஃபிராங்க்ஃபர்ட்டிலோ பெல்ஜியத்திலோ தயாரிப்பாளர்கள் முதலில் இசையை முடித்துவிட்டு, அதற்கு ஏற்ற பாடகியையும் ராப் பாடுபவரையும் பிறகுதான் தேடுவார்கள். '2 அன்லிமிடெட்' அப்படி உருவானது: பின்னால் பெல்ஜியத் தயாரிப்பாளர்கள் இருவர், முன்னால் ஆம்ஸ்டர்டாம் இளைஞர்கள் இருவர். ஏஸ் ஆஃப் பேஸ் பாடல்களைப் பெரும்பாலும் யோனாஸே எழுதினார். பாடியவர்கள் வீட்டு ஆட்கள்.

வேகத்தைக் குறைத்த முடிவு

1990-களின் தொடக்கத்தில் யூரோடான்ஸுக்கு ஏறக்குறைய ஒரு வாய்பாடே உருவாகியிருந்தது. நிமிடத்துக்கு 120, 130, சில சமயம் 140 தட்டு. பல்லவியைப் பெண் குரல் உச்சத்தில் பாடும். நடுவில் ஆண் குரலில் ராப். 'ஸ்னாப்', 'டெக்னோட்ரானிக்' போன்ற குழுக்கள் இந்த வழியில் பெரும் வெற்றி கண்டன. ஆண்டுக்கு ஆண்டு வேகம் கூடிக்கொண்டே போனது.

இந்தச் சூழலில் 1990-ல் ஸ்வீடனில் கேயோ என்ற பாடகியின் 'அனதர் மதர்' வெளிவந்தது. ஜமைக்காவில் பிறந்த ரெகே இசையின் சாயல் கொண்ட, நிதானமான நடனப் பாடல். தயாரித்தவர் டெனிஸ் பாப். கோத்தன்பர்க் நால்வரை அந்தப் பாட்டு பிடித்து உலுக்கியது. தாங்கள் தேடிக்கொண்டிருந்த ஒலி இதுதான் என்று அவர்களுக்குப் புரிந்தது.

டெனிஸ் பாப்பைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் அவரில்லாமல் இந்தக் கதை இல்லை. இயற்பெயர் டாக் வோல்லே. ஸ்டாக்ஹோமில் டிஸ்கோ டிஜேவாக இருந்தவர். வாத்தியம் வாசிக்கத் தெரியாது, பாடவும் வராது. ஆனால் எந்த இடத்தில் ஆடுபவர்களின் கால் நிற்கிறது, எந்த இடத்தில் அவர்கள் நாற்காலிக்குத் திரும்புகிறார்கள் என்பதை இரவு இரவாகப் பார்த்துப் படித்த மனிதர். சக டிஜேக்களோடு சேர்ந்து நடத்திய 'ஸ்வெமிக்ஸ்' வழியாகத்தான் தயாரிப்புக்கு வந்தார். நைஜீரியாவில் பிறந்து ஸ்வீடனில் பல் மருத்துவம் படித்த டாக்டர் அல்பானின் 'ஹலோ ஆஃப்ரிகா' அவருடைய கைவண்ணம். அதிலேயே ரெகேயும் கிளப் இசையும் கலந்து ஓடும். ஏஸ் ஆஃப் பேஸ் அவருடைய முகவரியைத் தேடிக் கேசட் அனுப்பியது தற்செயல் அல்ல. யாரிடம் போக வேண்டும் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது. கேசட் கதையைச் சொல்பவர்கள் இந்தப் பகுதியைத்தான் விட்டுவிடுகிறார்கள்.

மறுத்த ஸ்டாக்ஹோம், ஏற்ற கோபன்ஹேகன்

ஸ்வீடிஷ் நிறுவனங்களிடம் இவர்களுடைய டெமோக்கள், அதாவது மாதிரிப் பதிவுகள், எடுபடவில்லை. கடைசியில் கைகொடுத்தது பக்கத்து நாடு. டென்மார்க்கின் மெகா ரெக்கார்ட்ஸ் 1992-ல் இவர்களை ஒப்பந்தம் செய்தது. அதன் உரிமையாளர் கெல்ட் வென்னிக். புதிய கலைஞர்களைத் தேடும் பொறுப்பில் இருந்தவர் மார்ட்டின் டாட். சிறிய நிறுவனம், நடன இசையில் மட்டும் கவனம். பெரிய நிறுவனத்தின் பட்டியலில் நாற்பதாவது பெயராக இருப்பதைவிட இப்படிப்பட்ட இடத்தில் முக்கியமான பெயராக இருப்பது எவ்வளவு பெரிய வித்தியாசம் என்பதற்கு அடுத்து நடந்தது சாட்சி.

முதல் சிங்கிள் 'வீல் ஆஃப் ஃபார்ச்சூன்'. டென்மார்க்கிலும் நார்வேயிலும் நன்றாகவே ஓடியது. நல்ல பாட்டு, ஆனால் உலகத்தைத் திருப்பும் பாட்டு அல்ல. அடுத்து வர வேண்டியது அதுதான்.

கேசட்டும் அதற்குப் பிறகு நடந்த வேலையும்

அனுப்பிய டெமோவின் பெயர் 'மிஸ்டர் ஏஸ்'. டெனிஸ் பாப்புக்கு அது முதலில் பிடிக்கவே இல்லை. அவருடைய நிஸான் மைக்ரா காரின் பிளேயரில் போட்டார். வெளியே எடுக்கப் பார்த்தால் வரவில்லை. ஏறக்குறைய இரண்டு வாரம், வேலைக்குப் போகும்போதும் திரும்பும்போதும் அதே பாட்டு. கேட்கக் கேட்க, அந்தக் குழப்பமான டெமோவுக்குள் ஒரு நல்ல மெட்டு ஒளிந்திருப்பது அவருக்குத் தெரிய ஆரம்பித்தது. அப்புறம் குழுவைக் கூப்பிட்டார்.

இங்கேதான் நிதானிக்க வேண்டும். அதே கேசட் வேறொருவர் காரில் சிக்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? எரிச்சலில் பிளேயரையே கழற்றியிருப்பார்கள். டெனிஸுக்குக் கேட்டது பாட்டில் இருந்தது மட்டுமல்ல, அதிலிருந்து எதை எடுத்துவிட வேண்டும் என்பதும்தான். ஸ்டூடியோவில் அவரும் யோனாஸும் செய்த வேலையை ஒரே வார்த்தையில் சொன்னால், கழித்தல். முடிவில் வந்ததுதான் 'ஆல் தட் ஷீ வான்ட்ஸ்'.

அந்தப் பாட்டை நல்ல ஹெட்ஃபோனில் கேட்டுப் பாருங்கள். எத்தனை குறைவான பொருள்கள் அதில் இருக்கின்றன என்பது ஆச்சரியமாக இருக்கும். டிரம் தட்டு எளிமையானது, வேகம் நிமிடத்துக்கு 100-க்கும் குறைவு. தாழ்ந்த சுரங்களில் ஓடும் பேஸ் இசைவரி ரெகேயில் வருவதுபோல் இடம் விட்டு விட்டு விழுகிறது. அது விடும் வெற்றிடத்தில்தான் ஆடுபவரின் இடுப்பு அசைகிறது. சாக்ஸபோன் சாயலில் ஒரு சிறு இசைத்துணுக்கு அவ்வப்போது தலைகாட்டிவிட்டுப் போகிறது. அவ்வளவுதான். இதன் மேல் லின்னின் குரல், கிட்டத்தட்ட உணர்ச்சியே காட்டாமல், தள்ளி நின்று ஒரு பெண்ணைப் பற்றிச் செய்தி சொல்வதுபோல் பாடுகிறது. மெட்டில் சோகச் சாயல், தாளமோ ஆடச் சொல்கிறது. இந்த இரண்டும் ஒன்றையொன்று இழுத்துக்கொண்டே இருப்பதால்தான் முப்பது ஆண்டு கழித்தும் அது சலிக்கவில்லை என்று நினைக்கிறேன்.

வேகம் குறைந்ததால் இன்னொரு லாபமும் கிடைத்தது. 140 தட்டில் ஓடும் பாட்டை இரவு கிளப்பில் போடலாம். காலை ஏழு மணிக்கு வானொலியில் போட நிலைய மேலாளர்கள் தயங்குவார்கள். இந்தப் பாட்டு இரண்டு இடத்திலும் பொருந்தியது. யூரோடான்ஸின் தூய ரசிகர்களில் சிலர் ஏஸ் ஆஃப் பேஸை அந்த வகையிலேயே சேர்ப்பதில்லை, வெறும் பாப் என்பார்கள். அந்த வாதத்தில் ஓரளவு நியாயம் உண்டு. ஆனால் பிறந்த இடம் கிளப் இசை, செய்தவர் டிஜே, பயன்படுத்திய கருவிகள் அதே கருவிகள். வகையின் விளிம்பில் நின்றார்கள். அந்த விளிம்பிலிருந்துதான் வானொலிக்குப் போகப் பாதை இருந்தது.

வடக்கிலிருந்து தெற்கே, பிறகு மேற்கே

1992-ன் பிற்பகுதியில் டென்மார்க்கில் பாட்டு முதலிடம் பிடித்தது. அங்கிருந்து ஜெர்மனி. ஜெர்மனி அப்போது ஐரோப்பாவின் மிகப் பெரிய இசைச் சந்தை. ஜெர்மனியில் ஜெயித்த நடனப் பாடல் ஆஸ்திரியா, ஸ்விட்சர்லாந்து வழியாகத் தானாகவே பரவும். 1993 மே மாதம் பிரிட்டனிலும் முதலிடம், மூன்று வாரம். 'ஹேப்பி நேஷன்' ஆல்பமும் நாடு நாடாக ஏறிக்கொண்டே போனது.

இந்த வரிசையைக் கவனித்தால் ஒன்று புரியும். மெகா போன்ற சிறிய நிறுவனத்துக்கு எல்லா நாட்டிலும் ஒரே நாளில் வெளியிடும் பலம் கிடையாது. அதனால் ஒவ்வொரு நாட்டிலும் அங்கே வேரூன்றிய நிறுவனத்துக்கு உரிமம் கொடுத்தது: ஜெர்மனியில் மெட்ரோனோம், பிரிட்டனில் லண்டன் ரெக்கார்ட்ஸ். ஒரு நாட்டில் கிடைத்த இடம் அடுத்த நாட்டுப் பேச்சுவார்த்தையில் கையிருப்பாக உதவியது. பலவீனமே வழிமுறையாக மாறிய இடம் இது.

ஆனாலும் அமெரிக்கக் கதவு திறக்கவில்லை. பல அமெரிக்க நிறுவனங்கள் இது இங்கே எடுபடாது என்று சொல்லிவிட்டன. அவர்கள் சொன்னதிலும் காரணம் இல்லாமல் இல்லை. சியாட்டிலின் கிரஞ்ச் ராக் ஒரு பக்கம், ஹிப்-ஹாப் மறுபக்கம். டிஸ்கோ மீது 1979 முதல் ஊறிப்போன வெறுப்பு ஒன்று அங்கே இருந்தது. ஐரோப்பிய நடன இசை என்றாலே கிளப்போடு நின்றுவிடும் சரக்கு என்ற எண்ணம் பலருக்கு.

கிளைவ் டேவிஸ் கேட்ட இன்னும் சில பாடல்கள்

அமெரிக்க இசை நிறுவனமான அரிஸ்டாவின் அன்றைய தலைவர் கிளைவ் டேவிஸ், விட்னி ஹூஸ்டனை உருவாக்கியவர். 1993-ல் ஐரோப்பாவில் விடுமுறையில் இருந்தபோது இந்தப் பாட்டைக் கேட்டு, உடனே உரிமை வாங்க முனைந்தார் என்பது பலரும் சொல்லும் கதை. அவர் பாட்டு எழுதுபவரோ வாத்தியக்காரரோ அல்ல. எந்தப் பாடகருக்கு எந்தப் பாட்டு பொருந்தும் என்று பார்ப்பதே அவருடைய தொழில்.

வாங்கியதும் அவர் செய்த முதல் காரியம், ஆல்பத்தை அப்படியே வெளியிட மறுத்தது. ஒரே ஒரு வலுவான பாட்டை வைத்து அமெரிக்காவில் ஆல்பம் விற்க முடியாது, இன்னும் வேண்டும் என்றார். யோனாஸ் அடுத்த ஆல்பத்துக்கு என்று வைத்திருந்த 'தி சைன்' டெமோவைக் கேட்டதும், இதை இப்போதே சேர்க்க வேண்டும் என்று நின்றார். டெனிஸ் பாப்பும் டக்ளஸ் காரும் யோனாஸோடு சேர்ந்து அதைத் தயாரித்தார்கள். கூடவே ஏற்கெனவே வேறு பலர் பாடியிருந்த 'டோன்ட் டர்ன் அரவுண்ட்' பாட்டையும் பாடச் சொன்னார். ஆல்பர்ட் ஹாமண்டும் டயேன் வாரனும் எழுதியது; பிரிட்டிஷ் ரெகே குழு அஸ்வாட் 1988-ல் அதைப் பிரிட்டனில் முதலிடத்துக்குக் கொண்டுபோயிருந்தது. ரெகே தாளத்தில் ஏற்கெனவே நிரூபிக்கப்பட்ட பாட்டை, ரெகே சாயலில் பாடும் குழுவுக்குக் கொடுத்தார். கேட்கும்போது எளிதாகத் தெரிகிறது, செய்தது அவர் ஒருவர்தான்.

'ஆல் தட் ஷீ வான்ட்ஸ்' அமெரிக்காவில் இரண்டாம் இடம்வரை போனது. 1993 நவம்பரில் ஆல்பம், பெயரே 'தி சைன்' என்று மாற்றி, வெளிவந்தது. அந்தப் பெயரின் பாட்டு 1994 மார்ச்சில் முதலிடம் பிடித்து நான்கு வாரம் இருந்தது, இடையில் ஆர். கெல்லியின் பாட்டு மேலே வர, மே மாதம் திரும்பி வந்து இன்னும் இரண்டு வாரம் இருந்தது. மொத்தம் ஆறு வாரம். ஆல்பமும் முதலிடம் கண்டது. அமெரிக்காவில் மட்டும் 90 லட்சம் பிரதிகளுக்கான சான்றிதழ் பெற்றது. உலகக் கணக்கு 2 கோடியைத் தாண்டும். 1995-ல் கிராமி விருதுக்கு மூன்று பிரிவுகளில் பரிந்துரை, அதில் சிறந்த புதுக் கலைஞர் பிரிவும் ஒன்று. கிராமி கிடைக்கவில்லை. அதில் எனக்கு வருத்தம் உண்டு. அந்த ஆண்டு இவர்களைவிட அதிகம் ஒலித்த புதியவர்கள் யாருமில்லை.

அமெரிக்க வானொலியில் அப்போது ஒரு வெற்றிடம் இருந்தது என்பதையும் சொல்ல வேண்டும். கிரஞ்ச் பாடல்கள் பிடிக்காத, ஹிப்-ஹாப் பக்கமும் போகாத, வெறுமனே முணுமுணுக்க ஒரு மெட்டு தேடிய பெரிய கூட்டம் இருந்தது. அதற்குப் பாட்டு கொடுக்க ஆளில்லை. அந்த இடத்தைப் பெரிய நிறுவனங்கள் பார்க்கவில்லை, டேவிஸ் பார்த்தார்.

வெற்றியோடு வந்தவை

இந்த எழுச்சியை மகிழ்ச்சியாக மட்டும் சொல்லிவிட முடியாது. 1993-ல், குழு உச்சத்துக்கு ஏறிக்கொண்டிருந்த நேரத்தில், உல்ஃப் எக்பெர்க் பதின்ம வயதில் ஸ்வீடனின் நிறவெறிக் கும்பல்களோடு இருந்த செய்தியை அந்நாட்டுப் பத்திரிகை வெளியிட்டது. அவர் பின்னர் அதை ஒப்புக்கொண்டு வருத்தம் தெரிவித்தார். கறுப்பின மக்களின் இசையான ரெகேயை அடித்தளமாகக் கொண்ட குழு இது, அவர்களுடைய ஒலிக்கு வழிகாட்டிய கேயோவும் கறுப்பினப் பாடகி. அந்தப் பழைய வரலாறு அதனாலேயே இன்னும் உறுத்துகிறது. இந்தக் குழுவின் கதையை எழுதுபவர்கள் அதைத் தாண்டிப் போகக் கூடாது.

1994-ல் மனநிலை சரியில்லாத ஜெர்மன் ரசிகை ஒருவர் கத்தியோடு பெர்க்ரென் குடும்பத்தின் வீட்டுக்குள் நுழைந்தார். யென்னிதான் இலக்கு. தடுக்கப்போன அவருடைய தாயாருக்குக் காயம் ஏற்பட்டது. பெற்றோர் வீட்டிலேயே இருந்துகொண்டு உலக நட்சத்திரமானால் என்ன நடக்கும் என்று அதுவரை யாரும் யோசிக்கவில்லை. அதற்குப் பிறகு அவர்களுடைய வாழ்க்கையில் பாதுகாவலர்கள் நிரந்தரமானார்கள்.

லின்னின் விஷயம் மெதுவாக நடந்தது. உலகத்தை வென்ற பாட்டின் முதன்மைக் குரல் அவருடையது. ஆனால் புகழ் அவருக்குப் பிடிக்கவில்லை, விமானப் பயணம் பயம். 1990-களின் இறுதிக்குள் அவர் பின்வரிசைக்கு நகர்ந்துவிட்டார். 1998-ல் வந்த 'ஃபிளவர்ஸ்' ஆல்பத்தின் அட்டைப் படத்திலேயே அவர் முகம் தெளிவாக இல்லை. ரசிகர்கள் இதற்கு ஆயிரம் காரணம் கற்பித்தார்கள். முன்னால் நிற்க விரும்பாத ஒருவரை முன்னால் நிறுத்திய தொழில் இது என்பதே எனக்குப் போதுமான காரணமாகத் தெரிகிறது.

இரண்டாவது ஆல்பமும் இடம் மாறிய வழிமுறையும்

1995-ல் 'தி பிரிட்ஜ்' வந்தது. இம்முறை நால்வரும் பாட்டு எழுதினார்கள். சகோதரிகள் எழுதிய பாடல்கள் சில உண்மையிலேயே நன்றாக இருக்கும். ஆனால் ஆல்பம் பல பக்கம் இழுபட்டது. 'பியூட்டிஃபுல் லைஃப்' மட்டும் பெரிதாக ஓடியது; அமெரிக்காவில் 15-ம் இடம். முதல் ஆல்பத்தின் 90 லட்சத்துக்கு எதிரே இதற்கு அங்கே கிடைத்தது 10 லட்சத்துக்கான சான்றிதழ். வேறெந்தக் குழுவுக்கும் அது பெரிய வெற்றி. இவர்களுக்கு அது சரிவாக எழுதப்பட்டது.

கவனிக்க வேண்டியது 'பியூட்டிஃபுல் லைஃப்' பாட்டின் தயாரிப்பாளர் வரிசை. டெனிஸ் பாப்புக்குப் பக்கத்தில் மேக்ஸ் மார்ட்டின் என்ற இளைஞரின் பெயர். மெட்டல் குழுவில் பாடிக்கொண்டிருந்தவரை டெனிஸ் தன் 'ஷெய்ரோன்' ஸ்டூடியோவுக்கு அழைத்து வந்து தொழில் கற்றுக்கொடுத்தார். ஏஸ் ஆஃப் பேஸில் சோதித்துப் பார்த்த முறை, அதாவது சோகச் சாயல் மெட்டு, சுத்தமான தாளம், தேவையில்லாததை எல்லாம் கழித்துவிடுவது, அந்த ஸ்டூடியோவின் அன்றாட வேலைமுறையானது. பேக்ஸ்ட்ரீட் பாய்ஸ், பிரிட்னி ஸ்பியர்ஸ் என்று அமெரிக்கப் பாடகர்கள் ஸ்டாக்ஹோமுக்கு விமானம் ஏறினார்கள். 1998 ஆகஸ்டில் டெனிஸ் பாப் புற்றுநோயால் இறந்தார், வயது 35. மேக்ஸ் மார்ட்டின் இன்றுவரை அமெரிக்கப் பட்டியலின் முதலிடத்துக்குப் பாட்டு எழுதிக்கொண்டிருக்கிறார்.

கோத்தன்பர்க் நால்வருக்கு அந்த வரிசையில் இடம் கிடைக்கவில்லை. ஷெய்ரோன் புதிய பாடகர்களிடம் போனது, அரிஸ்டாவின் கவனமும் நகர்ந்தது. 1998-ல் 'குரூயல் சம்மர்' அமெரிக்காவில் முதல் பத்துக்குள் வந்தது. அதுதான் அங்கே அவர்களுடைய கடைசிப் பெரிய பாட்டு.